பி.எட். சேர்க்கையில் ‘தகுதி இல்லை’ என்று திருப்பிவிட்டால்: தருமபுரி, கிருஷ்ணகிரிப் பிள்ளைகளுக்கு ஒரு வழிகாட்டி

2500-க்கு 1120. என் சித்தப்பா மகள் பி.எஸ்சி. கணிதத்தில் வாங்கிய மொத்தம் இது. வகுத்துப் பார்த்தால் 44.8 வரும். பாலக்கோடு பஸ் ஸ்டாண்டு பக்கத்து பிரவுசிங் சென்டரில் விண்ணப்பம் போட உட்கார்ந்தபோது, அங்கிருந்த தம்பி நல்ல மனசோடு 45 என்று அடித்துவிட்டான். “பாயிண்ட் எட்டுதானே, ரவுண்டு பண்ணிக்கலாம் அக்கா.” பி.சி. பிரிவுக்கு 45 சதவீதம் வேண்டும். ரேங்க் லிஸ்டில் பெயர் வந்தது, கல்லூரியும் ஒதுக்கினார்கள், வீட்டில் பாயசம் வைத்தார்கள். சான்றிதழ் சரிபார்ப்பு மேசையில் இருந்த அம்மா கால்குலேட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டு ஃபைலை மூடி இவள் பக்கம் தள்ளினார். அவ்வளவுதான். ஐந்து மதிப்பெண்.

அன்று சாயந்திரம் போனில் அவள் கேட்ட முதல் கேள்வி: “கேஸ் போட்டா கிடைக்குமாண்ணா?”

நான் வக்கீல் இல்லை. பட்டதாரி ஆசிரியர். ஆனால் வருஷா வருஷம் ஜூன், ஜூலை வந்தால் பென்னாகரம், அரூர், ஊத்தங்கரைப் பக்கமிருந்து யாராவது ஒரு பிளாஸ்டிக் கவரில் சான்றிதழ்களோடு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருப்பார்கள். அவர்களோடு சேர்ந்து ப்ராஸ்பெக்டஸும் (சேர்க்கைக் கையேடு) தீர்ப்புகளும் படித்துப் படித்துத் தெரிந்துகொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன். முதல் தலைமுறையாகப் பி.எட். பக்கம் வருகிற பிள்ளைகளை மனசில் வைத்து எழுதியது, அதனால் தெரிந்ததையே சொல்கிறான் என்று மற்றவர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம்.

முதலில், எந்தப் படிப்பு?

ஒன்றாம் வகுப்பு முதல் ஐந்தாம் வகுப்புவரை நடத்த ஆசை என்றால் பிளஸ் டூ முடித்துத் தொடக்கக் கல்விப் பட்டயம், அதாவது டி.எல்.எட். (நம் அம்மா அப்பா காலத்து டீச்சர் ட்ரெயினிங்). ஆறாம் வகுப்புக்கு மேல் என்றால் பட்டம் முடித்துப் பி.எட். இரண்டும் ஒன்றுதான், பி.எட். பெரிய படிப்பு, அதை வைத்துக் கீழேயும் போகலாம் என்று நினைத்தவர்கள் நிறைய. 2018 ஜூன் 28-ல் என்.சி.டி.இ. (தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம்) அப்படி ஒரு அறிவிக்கையே கொடுத்தது. அது ராஜஸ்தானில் வழக்காகி, 2023 ஆகஸ்ட் 11-ல் உச்ச நீதிமன்றம் தேவேஷ் சர்மா வழக்கில் அதைச் செல்லாது என்று சொல்லிவிட்டது. தொடக்கப் பள்ளிக்குப் பி.எட். தகுதி ஆகாது. அதற்கு முன் வேலையில் சேர்ந்தவர்களுக்குத்தான் பிறகு பாதுகாப்புக் கொடுத்தார்கள். ஆகவே சின்னப் பிள்ளைகளோடு இருக்கத்தான் விருப்பம் என்றால் பி.எட்.டுக்கு இரண்டு வருஷத்தையும் பணத்தையும் போட்டுவிட்டுப் பிறகு கோர்ட்டைப் பார்க்காதீர்கள்.

இன்னொன்று. ஓசூர் சிப்காட்டில் வேலை பார்த்துக்கொண்டே தபால் வழியில் பி.எட். முடித்துவிடலாம் என்று பல பேர் கேட்கிறார்கள். தொலைநிலைப் பி.எட். எல்லாருக்கும் கிடையாது. ஏற்கெனவே பயிற்சி பெற்றுத் தொடக்கப் பள்ளியில் பணியில் இருப்பவர்கள், அல்லது நேரடி முறையில் ஓர் அங்கீகாரம் பெற்ற ஆசிரியர் பயிற்சியை முடித்தவர்கள், இவர்களுக்குத்தான் என்.சி.டி.இ. விதி இடம் தருகிறது. வெறும் பட்டத்தை மட்டும் வைத்துக்கொண்டு விண்ணப்பித்தால் அங்கேயே நின்றுவிடும்.

எந்த விதி யார் போட்டது?

சண்டை எங்கே தொடங்குகிறது என்று தெரிந்துகொள்ள இது முக்கியம். மேலே ஒன்றிய அரசின் என்.சி.டி.இ. 1993-ல் அதற்குச் சட்டம் வந்தது. இப்போது பி.எட்.டுக்கு அடிப்படை 2014-ம் ஆண்டு ஒழுங்குமுறை விதிகள். அதன்படி இளநிலைப் பட்டத்திலோ முதுநிலைப் பட்டத்திலோ 50 சதவீதம் வேண்டும், பொறியியல் பட்டதாரி என்றால் 55. இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு எவ்வளவு தளர்வு என்பதை அந்தந்த அரசின் விதிக்கு விட்டுவிட்டார்கள். நடுவில் நம் மாநில அரசு. அது போட்டதுதான் பி.சி.க்கு 45, எம்.பி.சி., டி.என்.சி.க்கு (சீர்மரபினர்) 43, எஸ்.சி., எஸ்.டி.க்கு 40 என்கிற கணக்கு. கீழே தமிழ்நாடு ஆசிரியர் கல்வியியல் பல்கலைக்கழகம், அந்த ஆண்டின் சேர்க்கைக் கையேடு, கடைசியாகக் கல்லூரி.

மாநிலம் கூடுதலாக ஒரு நிபந்தனை போட்டால் செல்லுமா? இந்தக் கேள்விக்கான பெரிய வழக்குகளில் ஒன்று நம்ம ஊர்ப் பெயரிலேயே இருக்கிறது: ஓசூர் அதியமான் பொறியியல் கல்லூரி தொடர்பாக 1995-ல் உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு. ஒன்றியச் சட்டமும் மாநிலச் சட்டமும் மோதினால் அந்த அளவுக்கு மாநிலச் சட்டம் நிற்காது என்றது. பிறகு 2004-ல் பிரதீப் வழக்கு, அதுவும் தமிழ்நாடுதான், பொறியியல் சேர்க்கைதான். குறைந்தபட்சத் தகுதியைக் குறைக்க முடியாது, ஆனால் தரத்தைக் கெடுக்காமல் மாநிலம் அதைவிட உயர்த்தி வைக்கலாம் என்று தெளிவுபடுத்தினார்கள். சுருக்கமாக, “என்.சி.டி.இ. விதியில் இல்லையே, நீங்கள் எப்படிக் கேட்கலாம்?” என்று மேசையில் நின்று வாதாடுவது பெரும்பாலும் எடுபடாது. ப்ராஸ்பெக்டஸ் அந்த விதியைவிடத் தாழ்ந்தோ நேர் எதிராகவோ இருந்தால்தான் விஷயம்.

ஆகவே அந்த ஆண்டு ப்ராஸ்பெக்டஸை இறக்கித் தகுதி பற்றிய பக்கங்களை மட்டும் ஜெராக்ஸ் கடையில் அச்செடுங்கள். போனில் படிக்காதீர்கள். பேனாவோடு படியுங்கள். போன வருஷத்துக் கையேட்டை அக்கா கொடுத்தாள் என்று அதை நம்பாதீர்கள்.

மதிப்பெண்

மேலே சொன்ன 44.8 கதைக்கு வருகிறேன். கேஸ் போட்டால் கிடைக்குமா? கிடைக்காது. 2012-ல் கர்நாடகத்தில் எம்.எஸ்சி. நர்சிங் சேர்க்கையில் இதே கதை. வேண்டியது 55, மாணவி ஹேமலதா வாங்கியது 54.71. உயர் நீதிமன்றம் முழுசாக்கிக் கொடுத்தது, உச்ச நீதிமன்றம் மாற்றிவிட்டது. விதியில் ‘குறைந்தபட்சம்’ என்று ஒரு எண் இருந்தால், அதை முழுசாக்கலாம் என்று விதியே சொன்னாலொழிய யாரும் முழுசாக்க முடியாது. அதற்கு முந்திய ஆண்டு ஒடிசா நீதித்துறைத் தேர்வு வழக்கில் 44.93-ஐ 45 ஆக்க மறுத்தார்கள். 0.07-க்கே இல்லை என்றால் நமக்கு 0.2-க்கு எங்கே?

ஆனால் கணக்கு எப்படிப் போட்டார்கள் என்பதில் வழி இருக்கும். பகுதி ஒன்று (தமிழ்), பகுதி இரண்டு (ஆங்கிலம்) சேர்த்தா, மூன்றாம் பகுதியான மேஜரும் அலைடும் மட்டுமா? செய்முறைத் தேர்வு உள்ளே வருகிறதா? மார்க் ஷீட்டில் கிரேடு பாயிண்ட் மட்டும் இருந்தால் அதைச் சதவீதமாக மாற்றப் பல்கலைக்கழகம் என்ன சூத்திரம் கொடுத்திருக்கிறது? பெரியார் பல்கலைக்கழகத்தில் படித்தவர் கன்சாலிடேட்டட் மார்க் ஷீட்டை எடுத்து ஒரு வெள்ளைத் தாளில் பாடம் பாடமாக எழுதிக் கூட்டிப் பாருங்கள். இரண்டு பேரைத் தனித்தனியாகக் கூட்டச் சொல்லுங்கள். வருவதை அப்படியே, புள்ளிக்குப் பின்னால் இரண்டு இலக்கத்தோடு, விண்ணப்பத்தில் போடுங்கள். உயர்த்தி எழுதினால் தகுதியும் போகும், பொய்த் தகவல் என்ற பேரும் வரும்.

இன்னொரு இடம்: என்.சி.டி.இ. விதியில் ‘இளநிலை மற்றும்/அல்லது முதுநிலை’ என்று வருகிறது. இளநிலையில் குறைந்து முதுநிலையில் போதுமான மதிப்பெண் வைத்திருப்பவருக்கு இந்த ஒரு சாய்கோடு பெரிய ஆயுதம். உங்கள் ஆண்டின் கையேடு அதை எப்படி எழுதியிருக்கிறது என்று பாருங்கள். மறுமதிப்பீட்டுக்குத் தேதி இருந்தால் அன்றே போடுங்கள். என் தங்கை “ரவுண்டு பண்ணிக்கலாம்” என்ற வார்த்தையை நம்பி அந்தத் தேதியையும் விட்டுவிட்டாள். எனக்கு அந்தப் பையன்மேல் கோபம் இல்லை, பணம் வாங்கிக்கொண்டு விண்ணப்பம் போடுகிற எல்லா இடத்திலும் இதுதான் நடக்கிறது.

பாடம்

பி.காம்., பி.ஏ. பொருளியல் முடித்தவர்கள் கவனிக்க. பத்தாம் வகுப்புவரை அந்தப் பாடம் பள்ளியில் தனியாக இல்லை. அதனால் வணிகவியல், பொருளியல் போன்றவற்றுக்குத் தமிழ்நாட்டில் முதுநிலையும் முடித்துவிட்டு வரச் சொல்வதுதான் வழக்கம். கணிதம், இயற்பியல், தமிழ், ஆங்கிலம், வரலாறு என்றால் இந்தப் பிரச்சினை இல்லை. பட்டத்தின் பெயர் கொஞ்சம் புதுசாக இருந்தால் (பயோ என்று தொடங்கும் பாதிப் பட்டங்கள், ‘அப்ளைடு’ போட்ட பட்டங்கள்) அது எந்தப் பட்டத்துக்கு இணை என்று அரசாணை வந்திருக்கிறதா பாருங்கள். அரசாணை எண்ணை எழுதி வைத்துக்கொண்டு போனால் மேசையில் பாதி வாக்குவாதம் மிச்சம்.

பத்து, பிளஸ் டூ, பிறகு மூன்று வருஷம் என்ற வரிசையில் வந்தவர்களுக்கும் பிரச்சினை இல்லை. படிக்கட்டைத் தாண்டிக் குதித்தவர்களுக்குத்தான் சிக்கல். அடிப்படைப் பட்டம் இல்லாமல் திறந்தநிலையில் நேராக எம்.ஏ. வாங்கியவர் விஷயத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் கட்சிக்காரராக இருந்த 2009-ம் ஆண்டுத் தீர்ப்பு உறுதியானது: அந்த எம்.ஏ. நிற்காது. அந்தக் காலத்தில் கட்டணம் கட்டி வாங்கிய பட்டத்தைச் சட்டகத்துக்குள் போட்டு மாட்டியிருக்கும் வீடுகள் எனக்குத் தெரியும். சொல்லக் கஷ்டமாகத்தான் இருக்கிறது.

கடைசித் தேதி, இதில்தான் நான் விழுந்தேன்

என் கடைசி அரியர் ரிசல்ட் வந்தது விண்ணப்பக் கடைசித் தேதிக்கு இரண்டு நாள் கழித்து. தேர்வு எழுதியது மூன்று மாதம் முன்னால். “எழுதியது முன்னாடி, திருத்த லேட் ஆனது என் தப்பா?” என்று ஒரு தனியார் கல்லூரி முதல்வரிடம் கேட்டேன். “இருக்கட்டும் தம்பி, சேர்ந்துக்க, யுனிவர்சிட்டியில பேசிக்கலாம்” என்றார். பேசவில்லை. நான்கு மாதம் வகுப்புக்குப் போன பிறகு என் பெயர் பதிவாகவில்லை என்று தெரிந்தது. கட்டிய பணத்தில் பாதி திரும்பி வந்தது, வருஷம் திரும்பி வரவில்லை.

இதில் சட்டம் ஒரு மெல்லிய கோடு போட்டு வைத்திருக்கிறது. தகுதி என்பது வேறு, தகுதிக்கான காகிதம் என்பது வேறு. கடைசித் தேதியில் தகுதியே வரவில்லை என்றால் (என்னைப் போல) கதை முடிந்தது. தகுதி வந்துவிட்டது, ரிசல்ட் வந்துவிட்டது, புரொவிஷனல் (தற்காலிகப் பட்டச் சான்றிதழ்) மட்டும் கைக்கு வரவில்லை என்றால் வாதாட இடம் உண்டு. 1980-ல் கேரளத்து மருத்துவ மேற்படிப்பு வழக்கு ஒன்றில், சார்லஸ் ஸ்காரியா வழக்கு என்பார்கள், உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: தேதிக்குள் தேர்ச்சி பெற்றதுதான் முக்கியம், அதை எந்தக் காகிதம் கொண்டு காட்டுகிறோம் என்பது அதற்கு அடுத்தது. அதற்காகச் சான்றிதழை மெதுவாக வாங்கலாம் என்று அர்த்தம் இல்லை, எல்லா நீதிபதியும் ஒரே மாதிரி பார்ப்பதில்லை. பல்கலைக்கழக இணையதளத்தில் ரிசல்ட் வந்த அன்றே தேதி தெரியும்படி ஒரு பக்கத்தை அச்செடுத்துக் கல்லூரி முதல்வரிடம் கையெழுத்து வாங்கி வைத்துவிடுங்கள். ஒரு ரூபாய் ஜெராக்ஸ்தான்.

சாதிச் சான்றிதழ்

நம் இரண்டு மாவட்டத்திலும் இது தனி அத்தியாயம். பழங்குடியினருக்கான சான்றிதழைத் தாசில்தார் கொடுக்க முடியாது, கோட்டாட்சியரோ சப் கலெக்டரோதான் கொடுக்க வேண்டும். தருமபுரி மாவட்டத்தில் தருமபுரி, அரூர் கோட்டங்கள். கிருஷ்ணகிரியில் கிருஷ்ணகிரி, ஓசூர். சித்தேரி மலையிலிருந்து வரும் பிள்ளைகளுக்கு அரூர் போய்வரவே ஒரு நாள் கழியும். விசாரணை, கிராம நிர்வாக அலுவலர் அறிக்கை, பழைய பள்ளிப் பதிவேடு என்று மாதக்கணக்கில் இழுக்கும். விண்ணப்பம் திறந்த பிறகு அலைந்தால் கிடைக்காது, டிகிரி இரண்டாம் வருஷத்திலேயே தொடங்கிவிடுங்கள். குருமன்ஸ் பிள்ளைகளுக்கு இந்த அலைச்சல் எவ்வளவு என்பது நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. சான்றிதழ் மறுக்கப்பட்டால் மேல்முறையீடு உண்டு. கொடுத்த சான்றிதழைக் கல்லூரி மேசையில் உட்கார்ந்திருப்பவர் சந்தேகப்பட்டுத் தள்ளிவிட முடியாது, அதற்குத் தனி ஆய்வுக் குழு இருக்கிறது. 1994-ல் மாதுரி பாட்டீல் வழக்கில் அந்த முறையை உச்ச நீதிமன்றமே வகுத்துக் கொடுத்தது. அதுவும் ஒரு கல்லூரிச் சேர்க்கையில் கிளம்பிய வழக்குதான்.

கல்யாணமான பெண்கள் ஒன்றைக் கவனிக்கவும். சாதி பிறப்பால், கணவரின் சான்றிதழை வைத்து விண்ணப்பிக்கக் கூடாது. அப்பா பெயரோடு வாங்கிய உங்கள் பழைய சான்றிதழே போதும். இனிஷியல் மாறியிருந்தால் திருமணப் பதிவுச் சான்றை இணைக்கவும்.

தாமதமாகக் கொடுத்த சான்றிதழை ஏற்றுக்கொண்ட தீர்ப்புகள் உண்டு, 2004-ல் ஒடிசாவின் டாலி சண்டா வழக்கு (அது சாதிச் சான்றிதழ் அல்ல, படைவீரர் ஒதுக்கீட்டுச் சான்றிதழ்), 2016-ல் டெல்லியில் ராம்குமார் கிஜ்ரோயா வழக்கு. எதிராகவும் தீர்ப்புகள் உண்டு. அதை நம்பிக்கொண்டு போகிறவர்கள் லாட்டரிச் சீட்டு வாங்குவதுபோல் நினைத்துக்கொண்டு போங்கள்.

எல்லைப் பக்கம் இருப்பவர்கள்

ஓசூர், தேன்கனிக்கோட்டை, சூளகிரிப் பிள்ளைகள் பெங்களூரில் பி.யூ.சி.யும் (அங்கத்திய பிளஸ் டூ) டிகிரியும் முடித்துவிட்டு வருகிறார்கள், வேப்பனப்பள்ளி, பர்கூர்ப் பக்கம் சிலர் குப்பத்தில் படித்திருப்பார்கள். உங்களுக்கு மைக்ரேஷன் சான்றிதழும், உங்கள் பட்டம் இங்குள்ள பட்டத்துக்கு இணை என்று ஈக்விவலன்ஸும் கேட்பார்கள். தபால் வழிப் பட்டம் என்றால் நீங்கள் சேர்ந்த ஆண்டில் அந்தப் படிப்புக்கு யு.ஜி.சி.யின் (பல்கலைக்கழக மானியக் குழு) அனுமதி இருந்ததா என்பதைக் காட்டத் தயாராக இருங்கள். பல்கலைக்கழகத்துக்கு அனுமதி இருந்தால் போதாது, அந்தப் படிப்புக்கு அந்த வருஷத்துக்கு இருக்க வேண்டும்.

இடஒதுக்கீட்டிலும் எல்லை குறுக்கே வரும். அப்பா கர்நாடகத்திலோ ஆந்திரத்திலோ எஸ்.சி. அல்லது எஸ்.டி. பட்டியலில் இருந்து, பிழைப்புக்காக ஓசூர் வந்த குடும்பம் என்றால் அந்த அந்தஸ்து கூடவே வராது. 1990-ல் மரி சந்திரசேகர ராவ் வழக்கு: ஆந்திரத்தில் பழங்குடிப் பட்டியலில் இருந்த குடும்பத்துப் பையன் பம்பாயில் மருத்துவச் சீட்டு கேட்டான், பட்டியல் மாநிலத்துக்கு மாநிலம் வேறு என்று மறுத்துவிட்டார்கள். பொதுப் பிரிவு மதிப்பெண் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு விண்ணப்பிக்கவும்.

கல்லூரி சேர்த்துக்கொண்டால் போதுமா?

போதாது. இதைப் பெரிய எழுத்தில் எழுதியிருந்தாலும் தகும். தனியார் கல்லூரியில் சீட்டு காலியாக இருக்கும், யாரையாவது சேர்க்க வேண்டிய அவசரம் அவர்களுக்கு. “நாங்க பார்த்துக்கறோம்” என்ற சொல்லுக்கு எந்தக் கோர்ட்டிலும் மதிப்பு இல்லை. 1991-ல் தமிழ்நாட்டு ஆசிரியர் பயிற்சி நிறுவனம் ஒன்றின் வழக்கு, செயின்ட் ஜோசப் வழக்கு, உச்ச நீதிமன்றம்வரை போனது. அங்கீகாரம் இல்லாத நிறுவனத்து மாணவர்களை, பாவம் என்று மனிதாபிமானத்தில், தேர்வு எழுத விடச் சொல்லியிருந்தது உயர் நீதிமன்றம். அப்படி உத்தரவிட முடியாது என்றது உச்ச நீதிமன்றம். “படிச்சிட்டேனே சார்” என்பது வாதம் ஆகாது.

மாறாக ஓரிரு வழக்குகளில் மாணவருக்குச் சாதகமாகவும் சொல்லியிருக்கிறார்கள்: எல்லாக் காகிதத்தையும் உண்மையாகக் கொடுத்தேன், பார்க்க வேண்டியது அவர்கள் வேலை, பார்க்காமல் தேர்வெழுதவிட்டுப் பிறகு ரத்து செய்யக்கூடாது என்று 1975-ல் குருக்ஷேத்ரா பல்கலைக்கழக வழக்கு. ஆனால் 2010-ல் ஹரியானாவில் ஒரே நேரத்தில் எம்.ஏ.வும் தபால் வழிப் பி.எட்.டும் படித்த சுர்ஜித் கவுர் வழக்கில் விதிக்கு எதிராக யாருடைய தவற்றையும் காட்டிச் சலுகை கேட்க முடியாது என்றார்கள். பல்கலைக்கழகத்தின்மேல் நுகர்வோர் கோர்ட்டுக்கும் போக முடியாது என்றதும் அதே தீர்ப்பில்தான். இந்த இரண்டுக்கும் நடுவில் உங்களைக் காப்பாற்றுவது ஒன்றுதான்: விண்ணப்பத்தில் ஒரு வரிகூடப் பொய் இருக்கக் கூடாது.

பணம் கட்டும்முன் கல்லூரியின் அங்கீகார ஆணையை என்.சி.டி.இ. தளத்திலும், இணைப்பைப் பல்கலைக்கழகத் தளத்திலும் பாருங்கள். ஒரு கல்லூரியின் அங்கீகாரம் ரத்தாகிறது என்றால், சட்டத்தின் 17-வது பிரிவின்படி அந்த ஆணை அடுத்து வரும் கல்வியாண்டு முடிந்த பிறகுதான் நடைமுறைக்கு வரும். உள்ளே இருப்பவர்கள் உடனே தெருவுக்கு வரமாட்டார்கள், ஆனால் புதிதாகச் சேர்பவர்கள் யோசிக்க வேண்டும். அரசுக் கல்லூரி கிடைத்தால் இந்தத் தலைவலி எதுவும் இல்லை. நமக்குப் பக்கத்தில் இருப்பவை குமாரபாளையமும் வேலூரும்.

திருப்பிவிட்டார்களா? எழுத்தில் வாங்குங்கள்

மேசையில் “இல்ல போம்மா” என்றால் எழுந்து வந்துவிடாதீர்கள். காரணத்தை எழுதித் தரச் சொல்லுங்கள். தரமாட்டார்கள், பெரும்பாலும். அப்போது என்ன செய்வது? அங்கேயே ஒரு வெள்ளைத் தாளில், ‘இன்று, இத்தனை மணிக்கு, இன்ன சான்றிதழ்களோடு வந்தேன், இன்ன காரணம் சொல்லி என் சேர்க்கை மறுக்கப்பட்டது, ப்ராஸ்பெக்டஸ் இன்ன பத்தியின்படி எனக்குத் தகுதி உண்டு, பரிசீலிக்கவும்’ என்று எழுதி, நகலில் முத்திரை கேளுங்கள். அதுவும் போடவில்லையா, அன்றே தபால் நிலையம் போய் ஒப்புகையோடு ஸ்பீடு போஸ்ட், கூடவே மின்னஞ்சல். கல்லூரி முதல்வர், சேர்க்கைக் குழு, பல்கலைக்கழகப் பதிவாளர், கல்லூரிக் கல்வி இயக்குநர். டி.எல்.எட். என்றால் மாநிலக் கல்வியியல் ஆராய்ச்சி மற்றும் பயிற்சி நிறுவன இயக்குநர். கலெக்டர் ஆபீஸில் திங்கட்கிழமை மனு கொடுப்பதில் தப்பில்லை, ஆனால் அதில் சீட்டு கிடைக்கும் என்று ஒரு வாரம் காத்திருக்காதீர்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டால் பதிலுக்கு 30 நாள், அதற்குள் கவுன்சலிங் முடிந்திருக்கும். பிறகு வழக்குக்கு ஆதாரமாக உதவும், அவ்வளவே.

ஹைகோர்ட்

நம் இரண்டு மாவட்டமும் சென்னை முதன்மை அமர்வுக்குக் கீழே, மதுரைக்குப் போகாதீர்கள். போடுவது ரிட் மனு (அரசு, பல்கலைக்கழகம் போன்ற அமைப்புகளின் முடிவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடுவது), அரசியல் சாசனம் 226-வது பிரிவு. பெண்கள், எஸ்.சி., எஸ்.டி. என்றால் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசச் சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், 15100-க்குப் போன் போட்டாலும் வழி சொல்வார்கள். பிரமாணப் பத்திரத்தில் இங்கேயே கையெழுத்துப் போட்டு அனுப்பலாம். ரயிலே இல்லாத கிருஷ்ணகிரியிலிருந்து ராத்திரி பஸ் ஏறி ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஓட வேண்டியதில்லை.

வக்கீலிடம் கேட்க வேண்டியவை சில. கையேட்டு விதியே தவறு என்பது உங்கள் வாதமா, விதி சரி ஆனால் எனக்குத் தப்பாகப் பொருத்திவிட்டார்கள் என்பதா? முதலாவது என்றால் அந்த விதியை ரத்து செய்யச் சொல்லிக் கேட்க வேண்டும், அதுவும் விண்ணப்பம் நடக்கும்போதே. எல்லாம் தெரிந்தே கலந்துகொண்டு, கிடைக்காமல் போன பிறகு விதி தப்பு என்று வந்தால் கோர்ட் கேட்காது, மதன் லால் வழக்கில் 1995-லேயே சொல்லிவிட்டார்கள். இரண்டாவது என்றால் இரண்டு மூன்று நாளில் மனு தயாராக வேண்டும். உங்களுக்குப் பதிலாகச் சேர்க்கப்பட்டவரின் இடத்தைக் கேட்கிறீர்கள் என்றால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், இல்லாவிட்டால் அந்த ஒரு காரணமே போதும் மனு தள்ளுபடியாக.

அப்புறம் முக்கியமானது. நிறைய மனுக்கள் ‘மனுதாரரின் கோரிக்கையை நான்கு வாரத்தில் பரிசீலிக்கவும்’ என்ற உத்தரவோடு முடிந்துவிடும். வீட்டில் ஜெயித்துவிட்டதாக இனிப்பு வாங்குவார்கள். நான்கு வாரத்தில் பரிசீலித்து, ‘தகுதி இல்லை’ என்று அதே பதிலை அழகாகத் தட்டச்சு செய்து அனுப்புவார்கள், அதற்குள் சேர்க்கையும் முடிந்திருக்கும். ஆகவே இடைக்கால உத்தரவாக, வழக்கு முடியும்வரை ஓர் இடத்தைக் காலியாக வைக்கச் சொல்லிக் கேட்க வேண்டும். இதைக் கேட்காத வக்கீலாக இருந்தால் நீங்களே ஞாபகப்படுத்துங்கள், கோபித்துக்கொள்ள மாட்டார்கள். இடைக்கால உத்தரவில் வகுப்பில் உட்கார விட்டாலும், கடைசித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது என்று ஒரு வரி அதில் இருக்கும். அந்த வரியை வீட்டில் எல்லோருக்கும் படித்துக் காட்டிவிடுங்கள்.

வழக்கு நடக்கும்போது டி.சி.யும் அசல் சான்றிதழ்களும் கல்லூரியில் மாட்டிக்கொண்டால் வேறு எங்கும் சேர முடியாது. அசலைக் கையிலேயே பிடித்து வைத்துக்கொள்ளக் கல்லூரிக்கு உரிமை இல்லை, 2018-ல் யு.ஜி.சி. இதற்குத் தனி அறிவிக்கையே விட்டிருக்கிறது. அதன் நகலைக் காட்டித் திரும்பக் கேளுங்கள். எங்கு கொடுத்தாலும் ‘இன்னின்ன அசல் பெற்றுக்கொண்டோம்’ என்று ரசீது வாங்குங்கள்.

என் தங்கை கேஸ் போடவில்லை. போட்டிருந்தால் நானே தடுத்திருப்பேன். தருமபுரியிலேயே எம்.எஸ்சி. சேர்ந்துவிட்டாள், இது இரண்டாம் வருஷம். போன வாரம் வீட்டுக்கு வந்தவள் புதுக் கையேட்டின் நான்கு பக்கத்தை அச்செடுத்துக் கொண்டுவந்திருந்தாள், முதுநிலை மதிப்பெண் பற்றிய பத்தியின் கீழே சிவப்பில் கோடு. “அண்ணா, இங்க ‘மற்றும்’னு இருக்கா ‘அல்லது’னு இருக்கா, நல்லா பாத்துச் சொல்லு” என்றாள். கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு இரண்டு பேரும் உட்கார்ந்தோம்.